மகன் சவுண்ட் வேலைக்குப் போகணும்கிறான், விடலாமா?

9 ஜனவரி 2025
கோலாலம்பூர் செந்தூலிலிருந்து ஓர் அம்மா கேட்டது:

மகனுக்கு 19 வயசு. எஸ்.பி.எம். பள்ளிப் பரீட்சை முடிச்சிட்டு ஒரு கைப்பேசிக் கடையில நிக்கிறான். இப்ப திடீர்னு சவுண்ட் எஞ்சினியர் ஆகணுமாம், பாட்டும் தயாரிக்கணுமாம், ரெண்டும் ஒரே வேலைதானாம். டிப்ளமாவுக்குக் கேக்கிற காசைப் பார்த்தா பழைய மைவி கார் ஒண்ணு வாங்கிடலாம். "பட்டனைத் தள்ளுறதுக்கு எதுக்குப் படிப்பு"ன்னு அவங்கப்பா கத்துறாரு. இந்தத் தொழில்ல இருக்கிற அண்ணன்மார் யாராச்சும் உண்மையைச் சொல்லுங்க.

12 ஜனவரி 2025, விடியற்காலை 1.40

அக்கா, உங்கள் வீட்டுக்காரர் சொல்வதில் பாதி சரி. பட்டன் தள்ளுவது இந்த வேலையில் கால்வாசிகூட இல்லை. மீதி லோரியில் சாமான் ஏற்றுவது, இறக்குவது, கேபிள் சுற்றுவது, மண்டபத்துக்காரரிடம் கரண்டுக்குக் கெஞ்சுவது, வராத காசுக்கு மூன்று மாதம் போன் போடுவது. பிரிக்பீல்ட்ஸில் ஒரு நடன நிகழ்ச்சி முடித்து, எல்லாம் ஏற்றிவிட்டு, மாமாக் சாப்பாட்டுக் கடையில் தே தாரிக் டீயோடு உட்கார்ந்துதான் இதை எழுதுகிறேன். இடுப்பு தனியாக வலிக்கிறது.

1999-ல் ஆரம்பித்தேன். ஓர் இரவுக்கு 40 வெள்ளி (ரிங்கிட்), கூடவே ஒரு பொட்டலம் நாசி லெமாக். முதலாளி அண்ணன் சத்தங்களைக் கலக்கும் மிக்ஸரைத் தொடவிட்டது இரண்டு வருஷம் கழித்துத்தான். அதுவரை கேபிள். மேலே ஒரு வளையம், உள்பக்கமாக ஒரு வளையம் என்று மாற்றி மாற்றிச் சுற்ற வேண்டும். அப்போதுதான் உள்ளே இருக்கும் கம்பி முறுக்கிக்கொள்ளாது, வீசினால் நேராக ஓடும். முழங்கையில் சுற்றினால் தலையில் ஒன்று விழும்.

ஸ்டூடியோவும் மேடையும் ஒரே வேலையா? சாமான் ஒன்று, புத்தி வேறு. ஸ்டூடியோவில் ஒரு பாட்டை எட்டு நாள் வைத்துத் தேய்க்கலாம். பிடிக்கவில்லையென்றால் பாடகியைத் திரும்பக் கூப்பிடலாம். மேடையில் அந்த வரி போனால் போனதுதான். ஸ்டூடியோவில் கை சேர்த்துக்கொண்டே போகும், இன்னொரு கோரஸ், இன்னொரு எதிரொலி என்று. மேடையில் குறைத்துக்கொண்டே வர வேண்டும். நான் ஸ்டூடியோ புத்தியோடு மேடைக்கு வந்து மூன்று வருஷம் ஊர்க் கல்யாணங்களை எல்லாம் கெடுத்தேன்.

படிப்பைப் பற்றி அப்புறம் எழுதுகிறேன். ஒன்று மட்டும் இப்போதே. இந்தத் தொழிலில் முதல் போடுவது காதுதான். மிக்ஸர் வாடகைக்குக் கிடைக்கும். எனக்கு 47 வயது, 26 வருஷமாக ஸ்பீக்கர் முன்னால் நிற்கிறேன், காது இன்னும் கத்தி மாதிரி இருக்கிறது.

12 ஜனவரி, மதியம்

தூங்கி எழுந்தால் பழைய முதலாளியிடமிருந்து செய்தி. "40 வெள்ளி எப்படா கொடுத்தேன்? 30தான்." இதையெல்லாம் படிக்கிறாராம். சரி, 30. நாசி லெமாக் உண்மை.

15 ஜனவரி

நேற்றுப் பொங்கல். திறந்தவெளி, கூடாரம், ஆறு மைக். அறிவிப்பாளர் தம்பி மேடையிலிருந்து குதித்து ஸ்பீக்கருக்கு நேர் முன்னால் போய் நின்று "எல்லாரும் கைதட்டுங்க" என்றார். கைதட்டவில்லை, காதைப் பொத்தினார்கள். உடனே கூட்டம் முழுக்க என்னைத் திரும்பிப் பார்த்தது. நான் நன்றாகச் செய்யும் இரவில் ஒருத்தரும் திரும்புவதில்லை.

மைக் கூவுவது ஏன் என்று ஒருவர் கேட்டிருந்தார். ஸ்பீக்கரிலிருந்து வரும் சத்தம் மறுபடி மைக்குக்குள் போகிறது, பெரிதாகி வெளியே வருகிறது, மறுபடி உள்ளே. எந்த அதிர்வெண்ணில் இந்தச் சுற்று பலமாக இருக்கிறதோ அது முதலில் கூவும். கூட்டம் வருவதற்கு முன் வேண்டுமென்றே கூவ வைத்து, அதிர்வெண் வாரியாகச் சத்தத்தை ஏற்றி இறக்கும் 31 பட்டை ஈக்வலைசரில் அந்த இடத்தைக் கண்டுபிடித்து 3 டெசிபல் இறக்குவோம். அடுத்தது கூவும், அதையும் இறக்குவோம். நாலைந்தோடு நிறுத்திக்கொள்ள வேண்டும். பேராசைப்பட்டு பத்து இடத்தில் வெட்டினால் மைக் கூவாது, குரலும் இருக்காது.

எல்லாவற்றையும்விடச் சுலபமான வைத்தியம் மைக்கை வாய்க்குப் பக்கத்தில் பிடிப்பது. தூரம் பாதியானால் 6 டெசிபல் இனாம். நம் ஆட்களிடம் இதைச் சொல்லிப் பாருங்கள். சங்கத் தலைவர் பேசும்போது மைக்கை வயிற்றுக்கு நேராகப் பிடித்திருப்பார். ராப் பாடும் பையன்கள் வாய்க்குள்ளேயே திணிப்பார்கள், ஆனால் வலைத் தலையைக் கையால் மூடிக்கொள்வார்கள். மூடினால் மைக் முன்னால் மட்டும் கேட்கும் குணத்தை இழந்து நாலு பக்கமும் கேட்க ஆரம்பிக்கும், கூவும். ஷூர் எஸ்.எம்.58 மைக் 1966-ல் வந்தது. சுத்தியலாக உபயோகித்தாலும் உழைக்கும் சாமான். அதைக்கூட எப்படிப் பிடிக்க வேண்டும் என்று ஒவ்வொரு சனிக்கிழமையும் புதிதாகச் சொல்லிக் கொடுக்க வேண்டியிருக்கிறது.

18 ஜனவரி

பினாங்கு நண்பர் தண்ணீர்மலைப் பக்கம் ஒரு பந்தலுக்குப் பின்வரிசை ஸ்பீக்கர் வைக்கப் போகிறாராம், எவ்வளவு தாமதம் கொடுக்க என்று கேட்கிறார்.

மேடைக்கும் பின் ஸ்பீக்கருக்கும் இடையே 30 மீட்டர் என்று வையுங்கள். கேபிளில் சிக்னல் கண நேரத்தில் போய்விடும், காற்றில் சத்தம் நடந்துதான் வரும். வினாடிக்கு 343 மீட்டர். ஆக 30 மீட்டருக்கு 87.5 மில்லிசெகண்ட். பின் ஸ்பீக்கரை அவ்வளவு தாமதிக்காவிட்டால் கடைசி வரிசைக்காரர் ஒவ்வொரு சொல்லையும் இரண்டு தரம் கேட்பார். அதற்கு மேல் ஒரு 15 சேர்த்து விடுங்கள். இரண்டு சத்தம் கொஞ்ச இடைவெளியில் வந்தால், முதலில் வந்த திசையிலிருந்தே எல்லாம் வருவதாகக் காது நம்பும். ஹாஸ் என்ற ஜெர்மானியர் 1949-ல் சோதித்து எழுதியது. தலைக்கு மேலேயே ஸ்பீக்கர் அலறினாலும் கடைசி வரிசைப் பாட்டி மேடையில் இருப்பவரே பாடுவதாக நினைப்பார்.

20 ஜனவரி

திருத்தம். 343 என்பது 20 டிகிரி கணக்காம், இந்த ஊரில் எவன் 20 டிகிரியில் பந்தல் போடுகிறான் என்று அதே பினாங்கு நண்பர். நியாயம். 30 டிகிரியில் சத்தம் வினாடிக்கு ஏறக்குறைய 349 மீட்டர் போகும், 30 மீட்டருக்கு 86 மில்லிசெகண்ட். ஒன்றரை மில்லிசெகண்ட் கடன்பட்டிருக்கிறேன். தண்ணீர்மலைக்கு வந்தால் கட்டுகிறேன்.

26 ஜனவரி

நேற்றுக் கிள்ளானில் கல்யாண விருந்து. கோபமாக இருக்கிறேன், அப்படியே எழுதுகிறேன்.

என் சொந்த ஸ்பீக்கர் வேறு இடத்தில் மாட்டிக்கொண்டதால் ஒரு சோடி வாடகைக்கு எடுத்தேன். பாட்டு ஆரம்பித்த பத்தாவது நிமிஷம் பெண்ணின் மாமா வந்தார், "தம்பி, காதைக் குத்துது." குறைத்தேன். மறுபடி வந்தார். இந்தத் தடவை கூடவே இரண்டு அத்தைகள். எனக்கோ மந்தமாகத்தான் கேட்டது, சொல் புரியவில்லை, "ச", "ட" எல்லாம் மெழுகு மாதிரி. ஏற்றினேன். அவர்கள் குத்துகிறது என்றார்கள். சாப்பாட்டு நேரம் வந்தபோது முன் வரிசை மேசைகள் இரண்டு காலி.

ஸ்பீக்கரில் மேல் ஸ்தாயியைத் தரும் ஹார்ன் போய்விட்டது, வேறொன்றும் இல்லை. பழைய சாமானை வாடகைக்கு விட்டு எங்கள் பெயரைக் கெடுக்கிறார்கள். அக்கா, மகனிடம் சொல்லுங்கள், பழி எப்போதும் மிக்ஸர் பின்னால் நிற்பவனுக்குத்தான்.

27 ஜனவரி

நேற்று எழுதியது சூடாகிவிட்டது. ஆறுதலுக்கு நாதஸ்வரக் கதை.

மூடிய மண்டபத்தில் நாதஸ்வரத்துக்கும் தவிலுக்கும் மைக் தேவையே இல்லை. கோயில் வெளிப்பிராகாரத்தில் ஊரெல்லாம் கேட்பதற்காகப் பிறந்த வாத்தியம் அது. ஆனால் மைக் வைக்காவிட்டால் வித்வானுக்கு முகம் வாடிவிடும், பாடகிக்கு இருக்கிறது தனக்கு இல்லையா என்று. அது நியாயமான வருத்தம்தான். அதனால் மரியாதையாக ஸ்டாண்ட் போட்டு, உயரம் சரிபார்த்து, "ஐயா, ஒருமுறை ஊதுங்க" என்று கேட்டு, தலையாட்டிவிட்டு, மிக்ஸரில் சத்தத்தை ஏற்றும் ஃபேடரை அடியிலேயே வைத்திருப்பேன். பெட்டாலிங் ஜெயாவில் ஒரு கல்யாணம் முடிந்து ஒரு பெரியவர் என் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னார்: "இன்னிக்கு என் வாத்தியத்துக்குக் கொடுத்தியே சவுண்டு, அது மாதிரி யாரும் கொடுத்ததில்லப்பா."

மிருதங்கம் இதற்கு நேர் எதிர். வலது முகமான வலந்தலைக்கு ஒன்று, இடது முகமான தொப்பிக்கு ஒன்று என்று இரண்டு மைக். இரண்டும் ஒன்றையொன்று பார்த்து நிற்பதால், ஒரு பக்கத்துச் சிக்னல் ஏறும்போது மறுபக்கம் இறங்கும், சேர்த்தால் தொப்பியின் கும்கி நாதம் காணாமல் போகும். ஒரு மைக்கின் போலாரிட்டியை, அதாவது ஏற்ற இறக்கத்தை, மாற்றிப் போட்டுப் பாருங்கள். பல சமயம் தொப்பி உயிரோடு எழுந்து வரும். டிப்ளமாவில் இதைச் சொல்லித்தருவார்களா தெரியாது, அவர்கள் பாடமெல்லாம் டிரம் செட்.

2 பிப்ரவரி

காசு. அம்மா மறுபடியும் கேட்டிருக்கிறார்.

மாதச் சம்பளம் என்று ஒன்று கிடையாது, சில ஹோட்டல்களும் பெரிய சாமான் கம்பெனிகளும் தவிர. நிகழ்ச்சிக்கு இவ்வளவு என்று பேச்சு. தீபாவளி முன்னாடி மூச்சுவிட நேரம் இருக்காது, நோன்பு மாதத்தில் மிக்ஸரில் பூனை படுத்திருக்கும். தமிழ் நிகழ்ச்சி மட்டும் என்று நின்றால் வண்டித் தவணை கட்ட முடியாது. எனக்குப் பாதி வருமானம் சீனர்களின் ஆண்டு விருந்திலும் மலாய்க் கல்யாணத்திலும்தான். இந்த ஊரில் அது புதுசும் இல்லை. பினாங்கிலிருந்து வந்த ஆலிகேட்ஸ் குழுவை நினைத்துக்கொள்ளுங்கள். டேவிட் ஆறுமுகமும் 2007-ல் காலமான அவர் தம்பி லோகநாதனும் மலாய்ப் பாட்டுப் பாடித்தானே நாடு முழுக்க வீட்டுக்கு வீடு தெரிந்த பெயரானார்கள்.

ஒரு பெரிய ஏற்பாட்டாளர் எனக்கு 8 மாதம் இழுத்தடித்தார். பெயர் வேண்டாம். கடைசியில் பாதிதான் வந்தது. அன்றிலிருந்து பாதிப் பணம் முன்னால் வந்தால்தான் லோரி கிளம்பும்.

மகன் இதில் இறங்கினால் முதல் மாதமே இரண்டு காரியம் செய்யச் சொல்லுங்கள். சமூகப் பாதுகாப்பு நிறுவனமான பெர்கேசோவின் சுயதொழில் பாதுகாப்புத் திட்டத்தில் சேரட்டும், 2017 சட்டப்படி வந்தது, கலைத்துறையில் தனியாக வேலை செய்பவர்களும் சேரலாம். அப்புறம் சேமநிதியான இ.பி.எஃப்.-ல் ஐ-சாரான், நிலையான சம்பளம் இல்லாதவர்கள் தாங்களாகக் கட்டுவது. நான் 42 வயது வரை இரண்டும் செய்யவில்லை. 2020 மார்ச் 18-ல் நடமாட்டக் கட்டுப்பாடு வந்தபோதுதான் புத்தி வந்தது. ஒரே வாரத்தில் என் நாள்காட்டி முழுக்க வெள்ளை.

2 பிப்ரவரி, இரவு

ஷா ஆலாம் நண்பருக்கு: அந்தப் பழைய வயர்லெஸ் மைக்கை வாங்காதீர்கள். பின்பக்க ஸ்டிக்கரில் 700 சொச்சம் மெகாஹெர்ட்ஸ் என்று போட்டிருந்தால் அதனால்தான் அவ்வளவு மலிவு. 2019 அக்டோபரோடு பழைய அனலாக் டிவி நின்றுபோய் அந்த அலைவரிசை கைப்பேசிக்குப் போய்விட்டது. நடுப்பாட்டில் மைக் செத்துப்போகும். என்னிடம் அந்த மாதிரி நாலு செட் இருக்கிறது. கதவுக்கு முட்டுக் கொடுத்திருக்கிறேன்.

5 பிப்ரவரி

மிக்ஸரில் "ம்ம்ம்" என்று ஓர் இரைச்சல், என்ன செய்வது என்று கேட்டவருக்கு ஒருவர் "எர்த் கம்பியைக் கழற்றிவிடு" என்று பதில் போட்டிருக்கிறார். தயவுசெய்து அழித்துவிடுங்கள்.

அந்த இரைச்சல் நம் 50 ஹெர்ட்ஸ் கரண்ட். மேடையும் மிக்ஸரும் இரண்டு வேறு இடத்தில் பூமியைத் தொடும்போது நடுவில் வளையம் உண்டாகிறது. எர்த்தைக் கழற்றினால் இரைச்சல் நிற்கும், சரிதான். ஆனால் ஆம்ப்ளிஃபையரில் பழுது வந்தால் கரண்ட் போக வேறு வழி இல்லாமல் கிட்டார் கம்பியையும் மைக்கையும் பிடித்திருக்கும் ஆள் வழியாகப் போகும். 1972-ல் ஸ்வான்சி நகரத்து மேடையில் ஸ்டோன் த க்ரோஸ் குழுவின் லெஸ்லி ஹார்வி எர்த் சரியில்லாத மைக்கைத் தொட்டு இறந்தது இப்படித்தான். வாத்தியத்துக்கும் மிக்ஸருக்கும் நடுவில் டி.ஐ. பாக்ஸ் என்ற சின்னப் பெட்டி ஒன்று போடுங்கள். அதில் கிரவுண்ட் லிஃப்ட் என்று ஒரு சின்னப் பட்டன் இருக்கும், அது சிக்னல் கேபிளின் இணைப்பை மட்டும் வெட்டும். உயிர் காக்கும் எர்த் அப்படியே இருக்கும்.

12 பிப்ரவரி

தைப்பூசம் முடிந்தது. ஜாலான் துன் எச்.எஸ். லீ மாரியம்மன் கோயிலிலிருந்து பத்துமலைக்குச் சுமார் 15 கிலோமீட்டர் தேர் போகும் ராத்திரி, ஒரு தண்ணீர்ப் பந்தலுக்கு சவுண்ட் போட்டேன். எங்களுக்கு 20 அடியில் உறுமி மேளம். வளைந்த குச்சியால் தோலைத் தேய்க்கும்போது அடிவயிற்றிலிருந்து ஓர் உறுமல் வருமே, அதை எந்த ஸ்டூடியோவிலும் என்னால் முழுசாகப் பிடிக்க முடிந்ததில்லை. தேய்ப்பைப் பிடித்தால் அடி வெடிக்கும், அடிக்குக் குறைத்தால் தேய்ப்பு போய்விடும். இரண்டு மைக் வைத்தும் பார்த்துவிட்டேன்.

விஷயத்துக்கு வருகிறேன். மீட்டரை எடுத்துப் பார்த்தால் பந்தலுக்குள் 100 டெசிபல். இந்த நாட்டுத் தொழிலிடச் சத்த விதிமுறை 2019-ல் புதுப்பிக்கப்பட்டபோது, நாள் முழுக்கச் சேர்த்து 85 டெசிபல் என்று வரம்பு வந்தது. அதற்கு முன் 90. 85-ல் 8 மணி நேரம் நிற்கலாம் என்றால், ஒவ்வொரு 3 டெசிபல் ஏறும்போதும் நேரம் பாதி. 88-க்கு 4 மணி, 91-க்கு 2, 94-க்கு 1. நூறில் கால் மணி நேரம். நான் 9 மணி நேரம் நின்றேன்.

காதடைப்பான் சட்டைப் பையிலேயே இருந்தது. எனக்கு உதவிக்கு வரும் 22 வயதுத் தங்கச்சி ஆரம்பத்திலேயே போட்டுக்கொண்டாள். நான் சிரித்தேன். இன்று காலையில் இடது காதில் "கீங்ங்" என்று ஒரு ஓசை, இன்னும் இருக்கிறது. வழக்கமாக மறுநாளே போய்விடும்.

15 பிப்ரவரி

இது எதிர்பாராதது. ஜனவரி 26-ல் நான் திட்டிய ஸ்பீக்கரின் சொந்தக்காரர் எனக்குத் தனியாக எழுதியிருக்கிறார். கோபமே இல்லாத கடிதம், அதுதான் குத்துகிறது. அதே சோடியை மறுநாள் வேறொருவர் எடுத்துப் போனாராம், குறை வரவில்லையாம். நான் எழுதியதைப் பார்த்துவிட்டு, பிங்க் நாய்ஸ் என்ற சோதனை இரைச்சலை ஓட்டி அளவு மைக் வைத்து எடுத்த படமும் அனுப்பியிருக்கிறார். கோடு மேசை மாதிரி சமமாக இருக்கிறது.

"அண்ணே, ஹார்ன்ல ஒண்ணும் இல்ல. நீங்க அன்னைக்குப் போட்ட ஈக்வலைசரைப் பார்த்தீங்களா?"

மிக்ஸரில் அந்த நிகழ்ச்சியின் கோப்பு இருந்தது. திறந்தேன். குரலில் 4 கிலோஹெர்ட்ஸ் பக்கம் 7 டெசிபல் ஏற்றி வைத்திருக்கிறேன். மொத்த வெளியீட்டிலும் இன்னொரு 3.

ஏதோ அவசரத்தில் செய்திருப்பேன். பார்க்கலாம்.

3 மார்ச்

நோன்பு மாதம், வேலை இல்லை. காதைச் சோதிக்கப் போனேன்.

சின்னப் பெட்டி மாதிரி ஓர் அறை, தலையில் ஹெட்ஃபோன், கையில் ஒரு பட்டன். சத்தம் கேட்டால் அழுத்த வேண்டும். வலது காது சுலபமாக முடிந்தது. இடது காதில் முதலில் கேட்டது, அப்புறம் அமைதி. நீண்ட அமைதி. மிஷின் நின்றுவிட்டதோ என்று கண்ணாடி வழியாகப் பார்த்தேன். அந்தப் பெண் பட்டனைத் தள்ளிக்கொண்டேதான் இருந்தாள்.

இடது காது 4 கிலோஹெர்ட்ஸில் 50 டெசிபல் பள்ளம். 8 கிலோஹெர்ட்ஸில் கொஞ்சம் ஏறி வருகிறது. வலது 25. சத்தத்தால் கெட்ட காதுக்கு அடையாளமே 4-ல் விழும் இந்தப் பள்ளம்தான் என்றார் மருத்துவர். திரும்பி வராது, இனி மோசமாகாமல் பார்த்துக்கொள்ளலாம், அவ்வளவுதான். ஏன் இடது என்று கேட்டேன். என்ன வேலை, எப்படி நிற்பீர்கள் என்று அவர் திருப்பிக் கேட்டார். சொல்லும்போதே புரிந்தது. ஒவ்வொரு மைக்கையும் தனியாகக் கேட்டுப் பார்க்க ஹெட்ஃபோனை ஒரு காதில் அழுத்திப் பிடிப்போம். மண்டபச் சத்தத்தை மீறிக் கேட்க வேண்டுமென்று முழுசாக ஏற்றுவோம். 26 வருஷமாக அந்தக் காது இடது.

ஜனவரி 12-ல் காது கத்தி மாதிரி என்று எழுதினேன். அழிக்கவில்லை, இருக்கட்டும். ஜனவரி 26-ல் எழுதியதற்குக் கிள்ளான் மாமாவிடமும் அத்தைகளிடமும் ஸ்பீக்கர்காரத் தம்பியிடமும் மன்னிப்பு. "ச", "ட" எல்லாம் 2-லிருந்து 4 கிலோஹெர்ட்ஸ் பக்கத்தில்தான் தெளிகின்றன. எனக்கு அங்கே பள்ளம், அதனால் ஏற்றினேன். உங்களுக்கு அங்கே பள்ளம் இல்லை, அதனால் குத்தியது.

4 மார்ச்

ஆறுதல் எழுதியவர்கள் போதும். தொழிலை விடு என்றவருக்கு: வண்டித் தவணையை யார் கட்டுவது?

16 மார்ச்

பாட்டுத் தயாரிப்பு பற்றி அந்தத் தம்பியே கேட்டிருக்கிறான், அம்மாவின் கணக்கிலிருந்து. எழுதுகிறேன்.

ஊரடங்கில் வீட்டுப் பின்னறையை ஸ்டூடியோவாக்கினேன். முட்டைத் தட்டு ஒட்டாதே தம்பி. அது மேல் ஸ்தாயியைக் கொஞ்சம் உறிஞ்சும், பாஸ் அதை எட்டிக்கூடப் பார்க்காது, தீப்பிடித்தால் நீ முதலில். 50 ஹெர்ட்ஸ் அலை ஒன்றின் நீளமே 7 மீட்டர், என் அறை 3 மீட்டர். மூலைகளில் கனமான ராக்வூல் அடைத்தேன். அப்போதும் உறுமி ஓர் இடத்தில் பூதமாகவும் இரண்டடி தள்ளி ஒன்றுமில்லாமலும் கேட்கும். பாதி மிக்ஸிங்கைக் காரில் உட்கார்ந்து கேட்டுத்தான் முடித்தேன்.

2006-ல் யோகி பி குழுவின் தமிழ் ராப் இங்கேயும் தமிழ்நாட்டிலும் பரவியபோது, நம்ம ஊர் படுக்கையறையிலிருந்தும் முடியும் என்று எல்லாரும் மைக் வாங்கினோம். எனக்கு அதில் காசு வந்தது வேறு பாதையில். கோயில் பாட்டு, துணிக்கடை தீபாவளி விளம்பரம், குறும்படத்துக்குப் பின்னணி. மெதுவாக வரும், ஆனால் இடுப்பு வலிக்காது.

சத்தத்தை நசுக்கி நசுக்கி ஏற்றாதே. ஸ்பாட்டிஃபை எல்லாப் பாட்டையும் காதுக்குக் கேட்கும் சத்தத்தை அளக்கும் லஃப்ஸ் கணக்கில் −14 என்ற அளவுக்குக் கொண்டுவந்துதான் ஒலிக்கும். நீ −7-ல் கொடுத்தால் அவர்கள் இறக்கிவிடுவார்கள், நசுங்கியது மட்டும் மிச்சம்.

இதை எழுதுவதற்கு முன் கடந்த மூன்று வருஷத்தில் நான் முடித்துக் கொடுத்த பாட்டுகளை, எந்த அதிர்வெண்ணில் எவ்வளவு சத்தம் என்று காட்டும் அனலைசரில் ஓட்டிப் பார்த்தேன். 2022-ல் 4 கிலோஹெர்ட்ஸ் பக்கம் சின்ன மேடு. 2023-ல் கூட. போன வருஷத்துப் பாட்டு ஒன்று குன்று மாதிரி. ஒரு பாடகி "என் குரல் ஏண்ணே தகரம் மாதிரி இருக்கு" என்று கேட்டது ஞாபகம் வருகிறது. மைக் அப்படி என்று சொல்லி அனுப்பிவிட்டேன். நாளை அவளைக் கூப்பிட்டு இலவசமாகத் திரும்ப மிக்ஸ் செய்து தருவதாகச் சொல்லப் போகிறேன். தங்கச்சி பக்கத்தில் உட்கார்ந்து கேட்பாள்.

17 மார்ச்

கூப்பிட்டேன். பாடகி, "அப்பவே தெரியும்ணே, உங்ககிட்ட எப்படிச் சொல்றதுன்னு விட்டுட்டேன்" என்றாள்.

இப்படி இன்னும் எத்தனை பேர்?

30 மார்ச்

படிப்பு பற்றிச் சொல்வதாக ஜனவரியில் எழுதிவிட்டு மறந்துவிட்டேன். என் கருத்து இரண்டு தரம் மாறிவிட்டது. முதலில் தேவையில்லை என்று எழுத இருந்தேன், நான் படிக்காமல் வந்தவன். ஆனால் படித்திருந்தால் ஹெட்ஃபோனை எவ்வளவு நேரம், எவ்வளவு சத்தத்தில் வைக்கலாம் என்று யாராவது முதல் வருஷத்திலேயே சொல்லியிருப்பார்கள். என் முதலாளி சொல்லவில்லை, அவருக்கும் யாரும் சொல்லவில்லை. இப்போது அவரிடம் பேச வேண்டுமென்றால் வலது பக்கமாக நின்று கத்த வேண்டும். (அண்ணே, படிப்பீர்கள் என்று தெரியும்.)

அக்கா, காசைக் கட்டுவதற்கு முன் மகனை நாலு சனிக்கிழமை என்னிடம் அனுப்புங்கள். கறுப்புச் சட்டை, மூடிய சப்பாத்து. அவன் காதுக்கு அளவெடுத்த அடைப்பான் நான் வாங்கித் தருகிறேன், 15 டெசிபல் குறைக்கும் வகை. எனக்கும் ஒரு சோடி செய்துவிட்டேன்.

13 ஏப்ரல்

நேற்று அவன் வந்தான், புத்தாண்டு நிகழ்ச்சிக்கு. ஒல்லிப் பையன், என்னை "அங்கிள்" என்கிறான். ஸ்பீக்கர் ஸ்டாண்டை ஏற்றும்போது விரலை நசுக்கிக்கொண்டான், அழவில்லை. கேபிளை முழங்கையில் சுற்றினான். நான் அடிக்கவில்லை, காலம் மாறிவிட்டது.

சவுண்ட் செக் நேரத்தில் மண்டபத்தின் நடுவில் நின்றுகொண்டு, "அங்கிள், ஏதோ கீய்ங்னு கேக்குது" என்றான்.

எனக்கு ஒன்றும் கேட்கவில்லை. என் காது இரைச்சலை அவன் எப்படிக் கேட்கிறான் என்று ஒரு கணம் பயந்துபோனேன். தங்கச்சியைப் பார்த்தேன், அவளும் தலையாட்டினாள். அனலைசரைத் திறந்தால் 12 கிலோஹெர்ட்ஸில் முள் மாதிரி ஒரு கோடு நிற்கிறது. ஒவ்வொரு சானலாக மூடச் சொன்னேன். கீபோர்டுக்காரர் தாளத்துக்கு வைத்திருந்த லேப்டாப். சார்ஜரிலிருந்து வருகிறது.

பையன் மேடையில் ஏறிக் குனிந்து டி.ஐ. பாக்ஸைத் தேடினான். "நீங்க பிப்ரவரியில எழுதினீங்களே, அந்தப் பட்டன்தானே?" தள்ளினான்.

"நின்னுச்சா?" என்று கேட்டேன்.

"நின்னுருச்சு அங்கிள்."

அக்கா, 60 வெள்ளி அவன் கையில் கொடுத்திருக்கிறேன். சாப்பாடு தனி. அடுத்த சனிக்கிழமை ரவாங், மூன்று மணிக்கு லோரி கிளம்பும்.